கிங்கரனுக்கு நடை கொடுத்த மாமா

1

"என் அப்பா தினமும் காலை ஒன்பது மணிக்கு வேலைக்குப் போய் ஆட்களைக் கொல்கிறார். ஐந்து மணிக்கு வீட்டுக்கு வந்து ரசம் சோறு சாப்பிடுகிறார்."

டொராண்டோவில் மூன்றாம் வகுப்பு படிக்கும் என் மகள் தேன்மொழி, 'எங்கள் வீட்டில் யார் என்ன வேலை செய்கிறார்கள்' என்ற கட்டுரைக்கு எழுதிய முதல் இரண்டு வரிகள் இவை. ஆங்கிலத்தில் எழுதியிருந்தாள். ஒரு எழுத்துப் பிழை கிடையாது. ரசத்தைக்கூடச் சரியாக எழுதியிருந்தாள். அன்று மாலையே பள்ளியிலிருந்து போன் வந்தது. எடுத்த என் மனைவி சரஸ்வதி, இரண்டு நிமிஷம் கேட்டுவிட்டு, "உங்களத்தான் தேடறாங்க. போய் சரணடைஞ்சிடுங்க" என்று என்னிடம் கொடுத்தாள்.

மறுநாள் போனேன். வகுப்பறையில் பெரியவர்களுக்கென்று தனி நாற்காலி இல்லை. எட்டு வயதுப் பிள்ளைகள் உட்காரும் நாற்காலிதான். முழங்கால் இரண்டும் காதுக்குப் பக்கத்தில் வர உட்கார்ந்து விளக்கம் சொன்னேன்.

"மேடம், நான் காகிதத்தில் மட்டும்தான் கொல்வேன். சாதாரணமாக ஒரு நாளைக்கு எட்டுப் பேர். அவசரம் என்றால் பன்னிரண்டு."

சிரிப்பார் என்று நினைத்துத்தான் சொன்னேன். ஆசிரியை சிரிக்கவில்லை. குறித்துக்கொண்டார். இந்த ஊருக்கு வந்து ஏழு வருஷம் ஆகிறது. கடையில், பஸ்ஸில், குடியேற்ற அலுவலகத்தில் என்று நான் ஆங்கிலத்தில் விட்ட ஜோக்குகளை எல்லாம் யாராவது இப்படித்தான் குறித்துக்கொண்டிருக்கிறார்கள்.

வேறு வழியில்லாமல் பென்சிலை எடுத்தேன். மேஜையில் கிடந்த தாளில் ஒரு எமகிங்கரனை வரைந்தேன். கக்கத்தில் குடை, காதில் பேனா, கையில் பெரிய பதிவேடு. உயிரை எடுக்க வந்த இடத்தில் ஆள் மூன்றாவது மாடியில் இருக்கிறான் என்று தெரிந்து, முட்டியைப் பிடித்துக்கொண்டு படியேறுகிறான். நான் கார்ட்டூன் படம் வரைகிறவன், டெலிவிஷனில் அசைகிற பொம்மைகளுக்கு அசைவு கொடுப்பவன் என்பது அப்போதுதான் அந்த அம்மாளுக்கு விளங்கியது. சிரித்தார்.

"இவரைப் பார்த்தால் பாவமாக இருக்கிறது. யாரையாவது பார்த்து வரைந்ததா?"

"இல்லை மேடம். சும்மா கற்பனை."

கொலைகாரன் இல்லை என்று நிரூபித்த கையோடு பொய்யனாகிவிட்டேன். திரும்பி வரும் வழியில் பனியில் இரண்டு தரம் வழுக்கி விழுந்தேன். இரண்டுமே நியாயமான தண்டனைதான்.

2

ஊரில் சிலர் என்னை வெளிநாட்டில் சினிமா எடுக்கிறவன் என்று சொல்லிக்கொண்டிருப்பதாகக் கேள்வி. தயவுசெய்து கொஞ்சம் இறக்கிக்கொள்ளுங்கள். சனிக்கிழமை காலையில் பிள்ளைகள் பார்க்கும் கார்ட்டூனில் ஒரு திருடன் கையைத் தூக்குவான். தூக்குவதற்கு முன்னால் உள்ள கையைப் பெரிய ஓவியர் ஒருவர் வரைவார். தூக்கி முடித்த கையையும் அவரே வரைவார். நடுவில் வருகிற பதினோரு கைகளை வரைவது நான். இதை ஒருமுறை கடிதத்தில் விளக்கினேன். காஞ்சிபுரத்தில் பட்டு நெய்துகொண்டிருந்த என் அப்பா, "இதுக்கா ஏரோப்ளேன் ஏறிப் போன?" என்று ஒரே வரியில் பதில் போட்டார்.

ஆனால் சாவுக் காட்சி என்றால் மட்டும் முழுசாக என் மேஜைக்கு வந்துவிடும். மலையிலிருந்து விழுவது, பீரங்கி வெடிப்பது, தலையில் பியானோ இறங்குவது எல்லாம் நம் இலாகா. "அந்த இந்தியரிடம் கொடு, நன்றாகச் சாகடிப்பார்" என்று ஸ்டூடியோவில் பேச்சு. இந்தத் திறமை எங்கிருந்து வந்தது என்று யாரும் கேட்டதில்லை. கேட்டிருந்தால் சொல்லியிருப்பேனா என்பது வேறு விஷயம். என் முதல் படம் வெளியானது பத்திரிகையில் அல்ல. இறப்புப் பதிவேட்டில்.

மாசிலாமணி மாமா என் அம்மாவுக்குத் தம்பி. எங்கள் தெருவில் தறியில் உட்காராமல் சம்பளத்துக்குப் போன முதல் ஆள். பிறப்பு இறப்பு பதிகிற ஆபீசில் குமாஸ்தா. வலது முட்டியில் வலி. அதனால் ஒரு காலை எடுத்து வைத்துவிட்டு, அடுத்த காலுக்கு மேலிடத்து அனுமதி கேட்கிற மாதிரி ஒரு நொடி நின்று, பிறகுதான் அதை எடுப்பார். பதிவேட்டின் மேல் அவருக்கு அப்படி ஒரு பக்தி. "பொறந்தது எப்ப, செத்தது எப்ப. நடுவுல நீ என்னா கிழிச்சன்னு நம்மளுக்குத் தேவை இல்ல" என்பார்.

அறுபதுகளின் நடுவில், எனக்குப் பத்தொன்பது வயது. பள்ளி இறுதித் தேர்வில் இரண்டு தரம் தோற்றிருந்தேன். தறியில் உட்கார்த்தினால் நான் அறுக்கிற இழையை முடிபோடவே தனி ஆள் வேண்டும் என்று அப்பா என்னை எழுப்பி விட்டிருந்தார். மாமாதான் கூப்பிட்டார். பழைய பதிவேடு ஒன்றைப் புதியதில் நகல் எடுக்க வேண்டும், ஆள் போதவில்லை.

"எழுத்து உனக்கு மணிமணியா இருக்குது. ஓரமா ஒக்காந்து காப்பி பண்ணு. யார்னா கேட்டா தண்ணி குடுக்க வந்தேன்னு சொல்லு."

வெளியாள் பதிவேட்டைத் தொடக் கூடாது. எனக்கு அது தெரியாது. அவருக்குத் தெரியும். அக்கா மகன் ஒரு வழிக்கு வரட்டும் என்று தன் இருபது வருஷத்து ஒழுங்கை எனக்காக அவர் மீறிய ஒரே தடவை அது.

மூன்றாவது வாரம் அந்தப் பெயர் வந்தது. வாலாஜாபாத் பக்கம் அரிசி மில் வைத்திருந்தவர். ஊரிலேயே பெரிய உடம்பு. அவரை ஏற்றினால் ஜட்கா வண்டி பின்னால் சாய்ந்து குதிரை அந்தரத்தில் நிற்கும் என்பார்கள். எழுதி முடித்ததும் கை சும்மா இருக்கவில்லை. ஓரத்து வெள்ளையில் அவரை வரைந்தேன். எட்டு கிங்கரர்கள் தூக்கிக்கொண்டு போகிறார்கள். நாக்கு தள்ளுகிறது. பின்னால் வருகிறவன், "அண்ணே, கொஞ்சம் கீழ வெச்சிட்டு சோடா குடிச்சிக்கலாமா?" என்கிறான். பேனாவில் வரைந்தேன். பென்சிலாக இருந்திருந்தால் இன்றைக்கு நான் காஞ்சிபுரத்தில் ஒரு நல்ல நகல் எழுத்தர்.

3

இரண்டு வாரம் கழித்து அந்த மில்காரருடைய மகன்கள் இருவர் சான்றிதழ் வாங்க வந்தார்கள். மாமா அவர்கள் எதிரிலேயே பதிவேட்டை விரித்து, விரலை வைத்துக்கொண்டே வந்து, அந்தப் பக்கத்தில் நிறுத்தினார்.

பெரிய மகன்தான் முதலில் பார்த்தான். "என்னா சார் இது? எங்கப்பா செத்தது உங்களுக்கு சிரிப்பா இருக்குதா?"

எல்லாரும் மேலதிகாரி அறைக்குப் போனார்கள். நான் தண்ணீர்க் குடத்தை எடுத்துக்கொண்டு வாசற்படியில் நின்றேன். அதிகாரி பதிவேட்டைத் தன் பக்கம் திருப்பினார். கண்ணாடியைக் கழற்றித் துடைத்துப் போட்டுக்கொண்டு மறுபடி பார்த்தார்.

"யார் வரைஞ்சது?"

வெளியாளை உட்கார வைத்தேன் என்று சொன்னால் மாமாவுக்கு வேலை போய்விடும். அவர் என் பக்கம் திரும்பவே இல்லை.

"நான்தான் சார்."

"நீங்களா? எதுக்கு?"

"தெரியல சார். கை அரிப்பு."

அதிகாரி ஒரு வெள்ளைத் தாளை நகர்த்தி வைத்தார். "அப்ப இன்னொரு தபா போட்டுக் காட்டுங்க. பாக்கலாம்."

மாமா காதிலிருந்து பேனாவை எடுத்தார். நாற்பதைத் தாண்டிய மனிதர். அதுவரை அவர் வரைந்தது பதிவேட்டில் கட்டம் மட்டும்தான், அதுவும் அளவுகோல் வைத்து. அந்த அறையில் நாலு பேர் பார்த்துக்கொண்டு நிற்க, முதலில் ஒரு வட்டம் போட்டார். உள்ளே இரண்டு புள்ளி. அதன் கீழே இன்னும் பெரிய வட்டம். சுற்றிலும் எட்டுக் குச்சி. எண்ணி எட்டு. விட்டுப்போகவில்லை. நெற்றி வியர்வை தாளில் விழுந்து ஒரு கிங்கரன் கரைந்தான். அவனை மறுபடி வரைந்தார். முடிந்தபோது பூசணிக்காயை எறும்புகள் இழுத்துக்கொண்டு போகிற மாதிரி இருந்தது.

சின்ன மகனுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. பெரியவன் அவன் காலை மிதித்தான். அதிகாரி இரண்டு படங்களையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தார். பிறகு வாசலில் குடத்தோடு நின்ற என்னைப் பார்த்தார். அவருக்குப் புரிந்துவிட்டது. ஆனாலும், ஒப்புக்கொண்டவர் மாமா. உத்தரவு மாமாவின் பெயருக்குத்தான் எழுதப்பட்டது. மறுநாளிலிருந்து அவர் செவிலிமேட்டுப் பக்கம் இருந்த முனிசிபாலிட்டி வண்டி ஷெட்டில், எந்த வண்டி எப்போது வெளியே போனது, எப்போது உள்ளே வந்தது என்று எழுத வேண்டும்.

நான் வாயைத் திறக்கவில்லை. சின்ன வயசு என்று சாக்குச் சொல்லலாம். உண்மை என்னவென்றால், எனக்குப் பயம். அது மட்டுமில்லை. சொல்ல வெட்கமாக இருக்கிறது. அந்த இரண்டு படங்களும் மேஜையில் கிடந்தபோது, 'நம்முடையது எவ்வளவு நன்றாக இருக்கிறது' என்று ஒரு நினைப்பு எனக்குள் ஓடிற்று.

வெளியே வந்ததும் மாமா குடையை விரித்தார். வெயிலே இல்லை.

"நீ பேசியிருந்தா என் வேல போயிருக்கும். பேசாதது நல்லதுதான். ஆனா பேசணும்னு ஒரு தவிப்பு உன் மூஞ்சில வருதான்னு பாத்தேன். வரலடா."

அப்புறம் அவர் என்னிடம் பேசவில்லை.

4

மெட்ராஸுக்கு ஓடினேன். ஒரு வாரப் பத்திரிகையில் தலைப்பு எழுத்து வரைகிற வேலை கிடைத்தது. ஒரு ஞாயிற்றுக்கிழமை மாமாவுக்கு மன்னிப்புக் கேட்டுக் கடிதம் எழுத உட்கார்ந்தேன். கடிதம் வரவில்லை. படம் வந்தது. குடை, பேனா, முட்டி வலி, ஒரு காலுக்கும் மறு காலுக்கும் நடுவில் அனுமதி. எமலோகத்தில் பதவி உயர்வே இல்லாத ஒரு கிங்கரன். "பாரத்துல அப்பா பேரு எங்க?" என்று கேட்டுவிட்டுத்தான் உயிரை எடுப்பான். படிவம் சரியில்லை என்றால் உயிரை வைத்துவிட்டுத் திரும்பிப் போய்விடுவான். ஆசிரியர் பார்த்துச் சிரித்து, வாராவாரம் போடச் சொன்னார்.

வருஷக்கணக்கில் வந்தது. பஸ்ஸில் ஆட்கள் அதைப் படித்துச் சிரிப்பதை நானே பார்த்தேன். அப்போது அத்தையிடமிருந்து ஒரு கார்டு. எழுதப் படிக்கத் தெரியாதவர், பக்கத்து வீட்டுப் பெண்ணிடம் சொல்லி எழுதியிருந்தார். "இங்கே பசங்கள் உங்கள் மாமா பின்னால் போய்க்கினு, கிங்கரரே இன்னைக்கு யார் வீட்டுக்கு என்று கத்துகிறார்கள். அவர் ஒன்றும் சொல்வதில்லை. நீ நல்லாயிருப்பா."

அன்று முழுதும் எனக்குச் சோறு இறங்கவில்லை. அடுத்த வாரத் தொடரில் பசங்கள் கிங்கரன் பின்னால் போய் அப்படியே கத்தினார்கள். வாசகர்களுக்கு ரொம்பப் பிடித்தது. இப்பேர்ப்பட்ட ஆள்தான் நான்.

கலியாணம் ஆயிற்று, மகள் பிறந்தாள், கனடாவுக்கு விண்ணப்பித்தேன். அவர்களுடைய பட்டியலில் கார்ட்டூன் வரைகிறவன் என்று ஒரு தொழிலே இல்லை. அதிகாரி மேலிருந்து கீழே இரண்டு முறை தேடிவிட்டு 'இதர' என்ற கட்டத்தில் டிக் அடித்தார். இன்றுவரை இந்த நாட்டில் நான் இதரதான்.

என் ஆங்கிலமும் இதர. மாமனார் இறந்த செய்தி வந்தபோது, லீவு கேட்கப் போய், "என் மாமனார் எக்ஸ்பயர் ஆகிவிட்டார்" என்றேன். ஊரில் அதுதானே மரியாதையான சொல். இங்கே பால்தான் எக்ஸ்பயர் ஆகும். ஸ்டூடியோ முதலாளி என்னைக் கொஞ்ச நேரம் பார்த்துவிட்டு, "தேதி போட்டிருந்ததா?" என்றார். துக்கத்திலும் எனக்கு அந்த ஜோக் பிடித்துவிட்டது. அது ஜோக்தான் என்றால்.

மகள் எங்களை விட்டு நகர்ந்துகொண்டிருந்தாள். பள்ளியில் தேன்மொழி 'டென்னி' ஆனாள். நாங்கள் தமிழில் கேட்டால் ஆங்கிலத்தில் பதில் வரும். ஆனால் நான் வீட்டில் வரைந்துகொண்டிருந்த கிங்கரன் அருகில் மட்டும் வந்து உட்கார்ந்துகொள்வாள். முதலாளியிடம் அனுமதி வாங்கி, ஞாயிற்றுக்கிழமைகளில் ஸ்டூடியோ கேமராவில் வைத்து, மூன்று வருஷத்தில் அவனை ஏழு நிமிஷப் படமாக ஆக்கினேன். பேச்சே இல்லாத படம். ஒரு சிறிய விழாவில் காட்டினார்கள். 'கீழைத் தேசத்தின் மரணத் தத்துவம்' என்று ஒருவர் எழுதினார். தத்துவமாவது, மண்ணாவது. அது எங்கள் மாமாவின் முட்டி வலி.

5

பள்ளியில் நடந்ததை சரஸ்வதியிடம் சொன்னபோது, 'கற்பனை' என்ற சொல் வந்ததும் கரண்டியைக் கீழே வைத்தாள்.

"கற்பனையா? மாசிலாமணி மாமா கற்பனையா? அவர் உசுரோட இருக்கும்போதே போய் நில்லுங்க. கிங்கரன் வந்தப்புறம் போனா என்ன பிரயோசனம்?"

கோடை விடுமுறையில் மூவரும் போனோம். படச்சுருள் டப்பாவை மடியில் வைத்துக்கொண்டு போனேன்.

மாமா ரிட்டயர் ஆகி, ஷெட்டுக்குப் பக்கம் என்று முன்பே பிடித்த செவிலிமேட்டு வீட்டிலேயே இருந்தார். "வாப்பா, வாம்மா" என்று அத்தை ஓடி வந்தார். மாமா பேப்பரை விரித்துப் பிடித்திருந்தார். இரண்டு டம்ளர் காப்பி குடித்து முடிக்கிற வரைக்கும் ஒரே பக்கத்தைப் படித்தார். பிறகு எழுந்து, பின்கட்டுக் குழாய்க்கு நடந்தார். ஒரு கால். ஒரு நொடி. அடுத்த கால்.

என் மகள் வாயைப் பிளந்துகொண்டு பார்த்தாள். அப்புறம் தெருவுக்கே கேட்கிற மாதிரி, "அப்பா! கிங்கரன்!" என்றாள்.

பூமி பிளந்து என்னை விழுங்கக் கூடாதா என்று இருந்தது. பாலாற்று மணல் பூமிதான், பிளந்திருக்கலாம். பிளக்கவில்லை.

மாமா திரும்பினார். என்னைப் பார்க்கவில்லை. அவளைப் பார்த்தார். "யாரும்மா கிங்கரன்?"

"நீங்க," என்றாள், தமிழில். "அப்பா ஃபில்ம்ல நீங்க இப்டி நடப்பீங்க." கூடத்தின் இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடி வரைக்கும் நடந்து காட்டினாள். அந்த ஒரு நொடி நிற்பதைக்கூட விடவில்லை. அத்தை முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டார்.

"ஃபில்ம்லயுமா?" என்றார் மாமா. "பத்திரிகையோட உட்டுட்டான்னு நெனச்சிக்கினு இருந்தேன். எங்க காட்டுவான்னு உங்கப்பன கேளும்மா."

நான் நாலடி தூரத்தில் நின்றேன். அவள் என்னிடம் வந்து கேட்டாள். நான் அவளிடம் சொன்னேன். அவள் போய் அவரிடம் சொன்னாள். இரண்டு வருஷமாக வீட்டில் தமிழ் பேசாத பெண், அந்த நாலு நாளும் தமிழைத் தவிர வேறு பேச முடியாமல் எங்கள் இருவருக்கும் தபால்காரியாக இருந்தாள்.

6

நெசவாளர்கள் நிறைந்த பிள்ளையார்பாளையத்தில் என் பழைய நண்பனுடைய சின்னக் கலியாண மண்டபம். திருவிழாக்களில் படம் காட்டுகிற ஒருவர் வாலாஜாபாத்திலிருந்து புரொஜக்டரை மடியில் வைத்துக்கொண்டு பஸ்ஸில் வந்தார். திரைக்கு அத்தை ஒரு வேட்டியைக் கொடுத்தார், மாமாவின் எட்டு முழ வேட்டி, புதுசு. தறி இறங்கிய ஆட்கள், பிள்ளைகள் என்று மண்டபம் நிறைந்தது. மாமா முதல் வரிசையில், என் மகளுக்குப் பக்கத்தில் உட்கார்ந்தார். நான் புரொஜக்டருக்குப் பின்னால் ஒளிந்துகொண்டேன்.

மாமாவின் வேட்டியில் மாமா நடந்தார். முதல் அடியிலேயே கூட்டம் அடையாளம் கண்டுகொண்டது. "டேய், நம்ம மாசிலாமணிபா!" என்று ஒருவர் கத்தினார். சிரிப்பில் தகரக் கூரை அதிர்ந்தது. என்னால் திரையைப் பார்க்க முடியவில்லை. அவருடைய பின்தலையைப் பார்த்துக்கொண்டிருந்தேன். அது அசையவில்லை.

படத்தின் கடைசியில், கிங்கரன் பதிவேட்டைப் புரட்டும்போது அவனுடைய பெயரே வரும். இரண்டு தரம் சரிபார்ப்பான். பாரத்தில் குறை தேடுவான். ஒன்றும் இருக்காது. தானே கையெழுத்துப் போட்டு, முத்திரை குத்தி, மேஜையை ஒழுங்குபடுத்திவிட்டு, குடையை எடுத்துக்கொண்டு நடப்பான். அடுத்த காலுக்கு நிற்காமல் நடப்பான். வலி இருக்காது. டொராண்டோவில் அந்த இடத்தில் கை தட்டினார்கள். பிள்ளையார்பாளையத்தில் யாரும் தட்டவில்லை. சிரித்துக்கொண்டிருந்த ஆட்கள் எல்லாம் அடங்கிவிட்டார்கள்.

விளக்குப் போட்டதும் மெல்லக் கலைந்தார்கள். மாமா மட்டும் எழுந்திருக்கவில்லை. போய் எதிரில் நின்றேன். பதிமூன்று வருஷமாக இரண்டு மொழியில் தயார் செய்து வைத்திருந்த வாக்கியங்களில் ஒன்றுகூட வரவில்லை.

"மாமா, அன்னைக்கு அந்த ரூம்ல நான்..."

கையை உயர்த்தி நிறுத்தினார். முதல் தடவையாக என்னை நேராகப் பார்த்தார்.

"படத்துல ஒரு தப்பு இருக்குது."

"என்னா மாமா?"

"அவனே எழுதி, அவனே கையெழுத்து போட்டுக்கினு போறான். செல்லாது. செத்தவன் எப்படிடா கையெழுத்து போடுவான்? தகவல் குடுக்கறவன்னு ஒருத்தன் ஆபீசுக்கு வந்து போடணும். அதான் ரூல்."

"மாத்திடறேன் மாமா."

"படம் கெடக்குது உடு." கழுத்துத் துண்டை எடுத்து மடியில் போட்டு நான்காக மடித்தார். "எனக்குப் புள்ள இல்ல. உங்க அத்தைக்குக் கைநாட்டுதான். தெருவுல போறவன் எவனாவது வந்து போட்டான்னா பேரத் தப்பா எழுதிடுவானுங்க. உன் எழுத்து நல்லா இருக்கும்."

தலையை மட்டும் ஆட்டினேன்.

"அங்கேர்ந்து வர எத்தினி நாளு ஆவும்?"

"பிளேன் கெடச்சா ரெண்டு நாள் மாமா."

விரல் விட்டு எண்ணிப் பார்த்தார்.

"பதியறதுக்கு ஏழு நாளு வரைக்கும் டயம் குடுப்பாங்க. விழுந்தடிச்சிக்கினு ஓடியாராத. நிதானமா வா."